பொரியாத முட்டை

குவைத்துக்கு வீட்டு வேலைக்குப் போன அக்கா, போன் விளையாட்டில் வளர்க்க ஒரு பறக்கும் பல்லி வேண்டுமென்று ஆசையாகக் கேட்டாள். அதனால் என் போனிலுள்ள பழைய விளையாட்டில் இரண்டு பறக்கும் பல்லிகளை ஜோடி சேர்த்து, கிடைத்த முட்டையை அவளுடைய புதிய விளையாட்டுக்கு மாற்றினேன். அப்படிப் புதியதற்குப் போனது பழையதற்குத் திரும்பி வராது. போனோடு நாம் நடந்தால்தான் முட்டை பொரியும்.

மாதங்கள் போயும் அது முட்டையாகவே இருந்தது.

"ஏன்க்கா, நடக்கக்கூட சோம்பலா?" என்று சிரித்தேன்.

"வெளிய விட்டாத்தானே நடக்க? வீட்டுக்காரங்க கதவப் பூட்டிட்டுத்தான் போறாங்க."

அதுவரை அவள் அதை எங்களிடம் சொன்னதே இல்லை.

மறுநாளே அதே ஜோடியிடம் இன்னொரு முட்டை எடுத்தேன். போனை இடுப்பில் சொருகிக்கொண்டு, எங்கள் பூனாகலை மலையில் தேயிலைக் கொழுந்து பறித்தபடி ஏறி இறங்கினேன். மழை பெய்தது, அட்டை கடித்தது, நான் நிற்கவில்லை. குஞ்சு பொரித்ததும் அவளுக்கு அனுப்பினேன்.

"அப்ப இந்தப் பழைய முட்டைய அழிச்சிரவா?" என்றாள்.

"வேணாம்க்கா, வச்சிரு. நம்ம மலையில நீயே நடந்து பொரிக்கணும்."

இப்போது லீவு கிடைக்கும்போதெல்லாம் பதுளையில், அவளை அனுப்பிய ஏஜென்சி வாசலில், அவளைத் திரும்பக் கூட்டி வரச் சொல்லிப் போய் நிற்கிறேன். போனது திரும்பி வராது என்பது விளையாட்டின் சட்டம். அக்கா வருவாள்.