டி.வி.யில் வெந்த விதைநெல்

சுற்றியுள்ள ஊருக்கெல்லாம் கேபிள் டி.வி. வந்து, எங்கள் தெருவுக்கு மட்டும் வராமல் இருந்த காலம் அது. மன்னார்குடியிலிருந்து பஸ்ஸில் அரை மணி தூரத்தில் எங்கள் கிராமம். தலைமுறை தலைமுறையாக அடுத்தவர் வயலில் நட்டும் அறுத்தும் பிழைத்த குடும்பம் எங்களுடையது. என் கணவர் ஷார்ஜாவுக்குக் கட்டட வேலைக்குப் போன பிறகுதான் எங்களுக்கென்று கொஞ்சம் நிலம் வாங்கினோம். அந்த வருஷம் தை மாதம் லீவில் வந்தவர், எங்கள் முதல் அறுவடையிலிருந்து விதைநெல்லைத் தானே எடுத்துக் காயவைத்து ஒரு யூரியா சாக்கில் கட்டினார். சாப்பாட்டு நெல்லோடு கலந்துவிடக் கூடாதென்று சாக்கின் மேல் சிவப்புப் பெயின்டில் பெரிய வட்டம் ஒன்று போட்டுவிட்டுத்தான் விமானம் ஏறினார்.

சித்திரையில் ஒரு டி.வி. கம்பெனிக்காரர்கள் வேனில் வந்து இறங்கினார்கள். இன்னும் இருபது வருஷத்தில் காவிரி வராமலே போய்விட்டால் டெல்டா என்ன ஆகும் என்று படம் எடுக்கிறார்களாம். பாதி நாடகம், பாதி செய்தி. மந்திரி, போலீஸ், கலவரம் எல்லாவற்றையும் சென்னையிலேயே எடுத்து முடித்துவிட்டார்கள். ஊரைக் காலி செய்துகொண்டு போகும் குடும்பம் ஒன்றுதான் பாக்கி. வாய்க்கால் பாளம் பாளமாக வெடித்துக் கிடந்ததால் எங்கள் தெரு அவர்களுக்குப் பிடித்துப்போனது. தெருவிலேயே எனக்குத்தான் வாய் அதிகம் என்பதால் என்னையும் பிடித்துப்போனது.

டைரக்டர் சின்னப் பையன் மாதிரி இருந்தார். “வசனமெல்லாம் வேணாங்க்கா. உங்களுக்கு என்ன தோணுதோ அதைப் பேசுங்க” என்றார். எனக்கா பேசத் தெரியாது? “அந்த மனுசன் அங்க வெயில்ல காயிறாரு, நாங்க இங்க தண்ணியில்லாம காயிறோம். இந்தப் புள்ளைங்கள இழுத்துக்கிட்டு எங்க போறேன்னு அவருக்குச் சொல்லக்கூட எனக்குத் தெரியல” என்று கதவைப் பூட்டிக்கொண்டே அழுதேன். நடிக்கத்தான் ஆரம்பித்தேன். பாதியில் நிஜமாகவே அழுகை வந்துவிட்டது. என் இரண்டு பெண்களும் என்னைப் பார்த்து அழ, டைரக்டருக்கு ஏக சந்தோஷம்.

ஒரே ஒரு விஷயத்தில்தான் தகராறு வந்தது. கடைசியாக மிச்சமிருக்கும் விதைநெல்லையும் உலையில் போட்டு அவிப்பதாக ஒரு காட்சி. விதைநெல்லைத் தின்கிற நிலைமை வந்தால் அதற்குப் பிறகு ஒரு குடியானவனுக்கு எதுவுமில்லை. “என்னைத் தலைகீழா நிக்கச் சொல்லுங்க, நிக்கிறேன். அது மட்டும் நடக்காது” என்று சொல்லிவிட்டேன். அவர்களும் விடவில்லை, சிவப்பு வட்டம் போட்ட அந்தச் சாக்காவது படத்தில் தெரிய வேண்டுமென்றார்கள். கடைசியில் விதைநெல்லை ஒரு குதிரில் கொட்டி வைத்துவிட்டு, அந்தச் சாக்கில் சாப்பாட்டு நெல்லைப் போட்டு, அதிலிருந்து அள்ளி உலையில் போட்டேன். பாவத்துக்கு ஆளாகவில்லை என்று எனக்கு நிம்மதி. பக்கத்து வீட்டு அக்காவுக்கு அதுவும் போதவில்லை. அழுதுகொண்டே வீட்டைப் பூட்டியது அபசகுனம் என்று, பூட்டிய வீட்டைத் திறக்கவைத்து, ஒரு சொம்புத் தண்ணீர் குடிக்கச் சொல்லி, அப்புறம்தான் என்னை வேறு வேலை பார்க்க விட்டார்.

எல்லாருக்கும் பிரியாணிப் பொட்டலம் கொடுத்துவிட்டு, “எப்ப வரும்னு சொல்லி அனுப்புறோம்க்கா” என்று போனவர்கள் போனவர்கள்தான். வராத படத்தைப் பற்றி எழுதி என்ன பெருமை என்று அவருக்கு நான் எழுதவில்லை. ஆற்றில் இன்னும் தண்ணீர் வரவில்லை என்று மட்டும் ஆடியில் ஒரு கடிதம் எழுதினேன். பிறகு தண்ணீர் வந்துவிட்டது. நாற்று விடவும் வயலை உழவும் நேரம் சரியாக இருந்ததால், நடவு முடிந்ததும் எழுதலாம் என்று இருந்துவிட்டேன்.

புரட்டாசியில் ஒரு சனிக்கிழமை காலை. நடவு ஆட்களோடு நானும் சேற்றில் நின்றுகொண்டிருந்தேன். பிள்ளைகள் வரப்பில் விளையாடிக்கொண்டிருந்தார்கள். ரோட்டில் ஒரு அம்பாசிடர் கார் நின்றது. அதிலிருந்து வெள்ளைத் துப்பட்டி போர்த்திய ஓர் அம்மா இறங்கி, செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு வரப்பில் தட்டுத் தடுமாறி வந்தார். ஐம்பத்தைந்து வயதிருக்கும். அதற்கு முன்னால் நான் பார்த்ததே இல்லை. என் கணவர் பெயரைச் சொல்லி, “அவரு சம்சாரம் யாரும்மா?” என்றார். நான்தான் என்றதும் என் முகத்தைப் பார்த்தார். நாற்றைப் பார்த்தார். வயல் நெடுகப் பார்த்தார்.

“உங்க வீட்டுல பூட்டு தொங்குனதைப் பாத்து எனக்கு உசுரே இல்லம்மா” என்று வரப்பிலேயே உட்கார்ந்துவிட்டார்.

அவருக்குக் கூத்தாநல்லூர். அவருடைய மகனும் என் கணவரும் ஷார்ஜாவில் ஒரே அறையில் தங்கியிருந்தார்கள். அங்கே வெள்ளிக்கிழமை விடுமுறை. முந்தின நாள் அறையில் ஏதோ படம் ஓடிக்கொண்டிருக்க, சமைத்துக்கொண்டிருந்த என் கணவரை, “அண்ணே, உங்க ஊரு மாதிரியே இருக்கு” என்று அந்தப் பையன் கூப்பிட்டிருக்கிறான். இவர் வந்து பார்க்கும்போது டி.வி.யில் நான் நிற்கிறேன். சிவப்பு வட்டம் போட்ட சாக்கிலிருந்து நெல்லை அள்ளி உலையில் போடுகிறேன். அழுதுகொண்டே வீட்டைப் பூட்டுகிறேன். இது கற்பனை என்று முதலில் போட்டதை இவர் எங்கே பார்த்தார்? கடைக்காரர் வீட்டில் இருந்த எங்கள் ஊரின் ஒரே போனும் மழையில் செத்துக் கிடந்தது. எத்தனை தடவை அடித்தாலும் மணி போகவில்லை. விடிந்ததும் ஆபீசுக்குப் போய் விசாவை கேன்சல் பண்ணிவிட்டு ஊருக்கே வந்துவிடுகிறேன் என்று பெட்டியைக் கட்டிவிட்டார். பாதியில் கேன்சல் செய்துகொண்டு வந்தால் மறுபடி அந்தக் கம்பெனிக்குப் போக முடியாது. இருக்கிற நிலத்துக்குப் பம்ப்செட்டும் பெண்கள் படிப்பும் எல்லாம் அந்த விசாவில்தான் இருந்தது. பயந்துபோன அந்தப் பையன், நேரில் போய்ப் பார்க்கச் சொல்லி ராத்திரியே தன் அம்மாவுக்குப் போன் செய்துவிட்டான்.

“ஐயோ, அது நடிப்பும்மா!” என்றேன். சொல்லும்போதே வெட்கமாக இருந்தது. எவ்வளவு தூரம் அலையவிட்டிருக்கிறோம்! திட்டப்போகிறார் என்று நினைத்தேன்.

“கேக்கவே நல்லாருக்கு. நீ கஷ்டப்படுறது பொய்யினு தெரிஞ்சா யாராச்சும் கோவப்படுவாங்களா? நீ மொதல்ல கார்ல ஏறு. அங்க ஆபீசு தொறக்கிறதுக்குள்ள பேசணும்” என்றார்.

வாய்க்காலில் காலை அரைகுறையாகக் கழுவிக்கொண்டு ஏறினேன். அங்கே பொழுது நமக்கு ஒன்றரை மணி நேரம் பின்னால் என்பதை வழியெல்லாம் அவர்தான் சொல்லிச் சொல்லித் தேற்றிக்கொண்டு வந்தார். காரில் ஒரு பெரிய அடுக்குத் தூக்கு இருந்தது. “புள்ளைங்க பசியோட இருக்கும்னு ஆக்கிக்கிட்டு வந்தேன்” என்று என் பெண்களுக்குக் காரிலேயே ஊட்ட ஆரம்பித்தார். காலையில்தான் வயிறு நிறையப் பழையது சாப்பிட்டவர்கள், ஒன்றும் தெரியாதவர்கள் மாதிரி வாயைத் திறந்தார்கள்.

அவர் வீட்டுப் போனிலிருந்து, அறைக்குப் பக்கத்து மளிகைக் கடைக்கு அடித்தோம். அவருடைய மகன் அங்கேயே காத்திருந்து, ஓடிப்போய் என் கணவரைக் கூட்டிவந்தான். ஆபீசுக்குப் போகச் சட்டையெல்லாம் போட்டுக்கொண்டு நின்றாராம். என் குரலைக் கேட்டதும் அவர் கேட்டது ஒரே வார்த்தைதான். “வெதநெல்லு?”

“அவிக்கலங்க. நாத்தாகி, இப்ப நடவாயிக்கிட்டு இருக்கு. எங்காலப் பாத்தாத் தெரியும், இன்னும் சேறு காயல” என்றேன்.

அந்தப் பக்கம் அவர் அழுதார். என் கல்யாணத்துக்குப் பிறகு அவர் அழுது நான் கேட்டது அன்றைக்குத்தான்.

போனை வைத்துவிட்டுத் திரும்பியபோதுதான் கவனித்தேன். வாசலை ஒட்டிய அறையில் இருந்த கட்டிலும் தையல் மிஷினும் கூடத்துக்கு வந்திருந்தன. அறை கழுவிக் காய்ந்திருந்தது. மூலையில் புதுப் பாய்கள், ஒரு புது வாளி, சின்னப் பிள்ளைகளுக்கான சோப்பு. “இது யாருக்கும்மா?” என்று கேட்டேன். “வேற யாருக்கு? உங்களுக்குத்தான். தண்ணி வர்ற வரைக்கும் இருக்கட்டும்னு நெனச்சேன்” என்றார், ஏதோ மாவரைக்கும் விஷயம் பேசுவது போல.

அந்தப் படத்தை நான் இன்றுவரை பார்த்ததில்லை. பார்த்தவர்கள் நன்றாக அழுதேன் என்கிறார்கள். தண்ணீர் வராத வருஷங்கள் பிற்பாடு நிஜமாகவே வந்தன. சாக்கைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்த சித்திரைகளும் உண்டு. ஆனால் ஊரை விட்டுப் போக வேண்டியிருக்குமோ என்கிற பயம் மட்டும் எனக்கு வரவே இல்லை. இருபது வருஷம் கழித்து என்னென்ன கெடுதல் நடக்கும் என்று அத்தனை பேர் உட்கார்ந்து யோசித்தார்களே, முன்பின் தெரியாத ஓர் அம்மா எங்களுக்காக ஒரு அறையைக் கழுவி வைத்திருப்பார் என்பது அவர்களில் ஒருவருக்கும் தோன்றவில்லை என்பதை நினைத்தால், எனக்கு இன்றைக்கும் தைரியமாகத்தான் இருக்கிறது.