ரஞ்சனின் முழங்கை

விம்பிள்டன் கோயிலில் அர்ச்சனைக்கு நின்றுகொண்டிருந்தபோது மனைவி தொலைபேசியும் கையுமாக வந்தாள். "ரஞ்சனண்ணை மோசம் போயிட்டாராம். நித்திரையிலயாம்." அர்ச்சனைத் தட்டை அவளிடம் கொடுத்துவிட்டு வெளியே வந்தேன். அடுத்த நிமிடமே, இவனுக்குச் சாவுகூட இலேசாக அமைந்துவிட்டதே என்று நினைத்தேன். இதை வாசிக்கும், ரஞ்சனைத் தெரிந்த உங்களிடம் இதை மறைப்பதில் பொருளில்லை.

நாங்கள் ஒரே வயதுக்காரர்கள். இங்குள்ள தமிழ்க் கிரிக்கெட் அணியொன்றில் வேகப்பந்து வீசியவர்கள். அவன் பாரிஸிலிருந்து வந்து சேரும்வரை புதுப்பந்து என்னுடையது. வந்த முதல் கோடையிலேயே அது அவன் கைக்குப் போனது. நான் எதிர்க்காற்றில் வீசும் இரண்டாம் ஆளானேன். "பொறு மச்சான், காத்து மாறும்" என்பான். அந்த ஆறுதலைத்தான் என்னால் தாங்க முடியவில்லை.

ஒரு சனிக்கிழமை, தேநீர் இடைவேளையில் நடுவராக நின்ற தமிழரிடம் தனியாகப் போனேன். "அவன்ர முழங்கையை ஒருக்காப் பாருங்கோ." கிரிக்கெட்டில் முழங்கையை மடக்கி எறியக் கூடாது. ரஞ்சனின் கை சற்று மடங்கும் என்பது உண்மை. ஆனால் நான் போனது விதியைக் காப்பாற்ற அல்ல. அடுத்த ஓவரில் மூன்று நோபோல். அவன் பந்தை என் கையில் தந்துவிட்டு எல்லைக்கோட்டில் போய் நின்றான். அதன்பிறகு யாரும் அவனுக்குப் பந்து கொடுக்கவில்லை.

மறுவருடம், கூட வேலைசெய்த கனடாக்காரர் ஒருவர் அவனைப் பேஸ்போல் அணிக்குக் கூட்டிப்போனார். அங்கே முழங்கையை மடக்கித்தான் எறிவார்கள். சில மாதங்களில் அந்த அணிக்குப் பந்தெறியும் முதல் பிட்சர் அவன்தான். தோற்பான் என்ற ஆசையில் ஒருநாள் பார்க்கப் போனேன். மட்டையோடு வந்தவர்கள் ஒருவர்பின் ஒருவராக வெறும் காற்றை அடித்துவிட்டுத் திரும்பினார்கள். ஊர்பேர் தெரியாத சனமெல்லாம் அவன் பெயரைக் கத்தியது.

வீட்டுக்கு என் காரில்தான் வந்தான்.

"அண்டைக்கு நடுவரிட்ட போனது நீதானெண்டு தெரியும்" என்றான்.

"பிறகேன் கேக்கேல்ல?"

"கேட்டு என்ன செய்யிறது? நீ போகாட்டி எனக்கு இந்த விளையாட்டே தெரிஞ்சிருக்காது. வாற கிழமையும் வா."

மன்னிப்பு நாக்கு நுனிவரை வந்தது. கேட்டிருந்தால் அதிலும் அவனே பெரியவனாகியிருப்பான். அவனை வீட்டு வாசலில் இறக்கிவிட்டு வந்தேன். தோள் விட்டுப்போய் அவன் நிறுத்தும்வரை, ஒவ்வொரு கோடையும் பார்க்கப் போனேன்; ஒருமுறையும் கைதட்டவில்லை.

நான் கேட்காததை அவன் என்றோ தந்துவிட்டான். அதை அவ்வளவு சுலபமாகத் தரக்கூடிய மனம் அவனுக்கு வாய்த்ததே என்று இன்றும் பொறாமைப்படுகிறேன். அவனிடமிருந்து எனக்கு மிஞ்சியது இந்தப் பொறாமைதான். இதை நான் விடப்போவதில்லை.