முந்நூற்று நான்கு, புள்ளி ஐந்து

காலை ஐந்தே முக்கால். எங்கள் தெருவில் பாவு நீட்டும் நேரம். வெயில் ஏறுவதற்குள் புடவைக்கான பட்டு இழைகளைத் தெருவின் நீளத்துக்கு இழுத்துப் பிடித்து, கஞ்சி தடவி, பிரித்து உலர்த்திவிட வேண்டும். ஒரு வீட்டு ஆட்களால் ஆகிற வேலை இல்லை. பாவுக்குச் சொந்தக்காரர் விடிவதற்கு முன்பே நாலைந்து கதவுகளைத் தட்டுவார். தட்டிய வீட்டிலிருந்து ஆள் வரும். கூலி கிடையாது. அவர்கள் பாவுக்கு இவர் போவார், அவ்வளவுதான்.

அன்று எதிர் வீட்டுக்காரரின் பாவு. அரக்கு நிறம், யாருடைய கல்யாணத்துக்கோ. தெருக்கோடியில் கயிற்றைப் பிடித்து நின்றவன் என் மகன். பாதி கஞ்சி தடவியிருக்கும்போது அவன் தனக்குள் சிரித்தான், கயிற்றை விட்டுவிட்டான். ஈரப்பட்டு மொத்தமும் மண்ணில் விழுந்தது. அதை மிதித்துக்கொண்டே நடந்து போய்க் குழாயடியில் உட்கார்ந்தான். எல்லோரும் தன்னைப் பற்றியே பேசுகிறார்கள், நிறுத்தச் சொல்லுங்கள் என்றான். தெருவில் ஒருவரும் பேசவில்லை.

"ராத்திரியே அவனுக்கு ஜுரம்," என்றேன்.

கஞ்சிப் பானையோடு நின்றவர் என்னைப் பார்த்தார். "எந்த ஜுரம் வாத்தியாரே? குளத்துப் படிக்கட்டுல ஒருத்தன் பொட்டலம் கட்டி விக்கிறானே, அந்த ஜுரமா?"

இரண்டு பேர் சிரித்தார்கள். எதிர் வீட்டுக்காரர் மட்டும் சிரிக்கவில்லை, திட்டவும் இல்லை. குனிந்து இழைகளை வாரிக்கொண்டிருந்தார். அந்தக் குனிந்த முதுகு இன்றும் கண்ணை விட்டுப் போகவில்லை.

தெருவுக்கே தெரிந்தது எனக்குத் தெரியாமல் இருந்தது. அவனுக்கு அம்மா இல்லை. நான் பள்ளிக்கூடத்தில் கணக்கு நடத்திவிட்டு, சாயங்காலம் வீட்டுக்கு வந்து ட்யூஷன் சொல்லிக்கொடுப்பேன். பி.யு.சி. தவறிய பிறகு அவன் எங்கே போகிறான், யாரோடு உட்காருகிறான் என்று கேட்டதில்லை. அவன் சட்டையில் வந்ததைச் சாம்பிராணி வாசனை என்று நினைத்த நாட்கள் உண்டு.

பஸ்ஸில் மதராஸுக்கு அழைத்துப் போனேன். வாலாஜாபாத் தாண்டும்வரை என் தோளில் தூங்கினான். ஆஸ்பத்திரியில் சேர்த்துக்கொண்டார்கள். படுக்கையில் தொங்கிய அட்டையில் ஓர் எண் எழுதி, பக்கத்தில் கேள்விக்குறி போட்டிருந்தது. எண் என்றால் எனக்குக் கேட்காமல் இருக்க முடியாது. டாக்டர் என்னைவிடச் சின்னவர்.

"ஒவ்வொரு வியாதிக்கும் ஒரு நம்பர் சார். உலகம் பூரா ஒரே புஸ்தகம். இது மனசு சிதறுற வியாதியோட நம்பர். இன்னும் முடிவு பண்ணலை."

சில வாரங்களில் அவனுக்குக் குரல்கள் கேட்பது நின்றது. டாக்டர் அந்த எண்ணை அடித்துவிட்டு முந்நூற்று நான்கு, புள்ளி ஐந்து என்று எழுதினார். கேள்விக்குறி இல்லை.

"இது என்ன டாக்டர்?"

"கஞ்சாவை விட முடியாம போறது. அபினுக்கு வேற புள்ளி."

"பழைய நம்பரே இருக்கட்டுமே."

பேனாவை மூடினார். "எதுக்கு?"

"அதுன்னா தானா வந்த நோய்னு ஊர்ல சொல்லலாம். இதுன்னா அவனாத் தேடிக்கிட்டதுன்னுவாங்க."

"கணக்கு வாத்தியார்தானே நீங்க? தப்பான விடைக்கு மார்க் போடுவீங்களா? பழைய நம்பர்ல போனா காலம் பூரா மாத்திரை. இது நிறுத்தினா நிக்கும் சார். ஆனா கைக்கு வேலை வேணும், பக்கத்துல மனுஷங்க வேணும். தனியா உக்கார வெச்சீங்கன்னா மறுபடியும் அந்தப் படிக்கட்டுக்குத்தான் போவான்."

வீட்டுக்கு வந்தோம். மனுஷங்க வரவில்லை. விடியற்காலையில் பக்கத்து வீட்டுக் கதவு தட்டப்படும். காலடி எங்கள் வாசலைத் தாண்டும். அதற்கடுத்த கதவு தட்டப்படும். ஒரே அறையில் இரண்டு பாய்களில் நானும் அவனும் கண்ணைத் திறந்தபடி கேட்டுக்கொண்டிருப்போம்.

"எழுந்திருக்கட்டுமா நைனா?"

"தூங்குப்பா."

"என் கையில கயித்தைக் குடுக்க மாட்டாங்க நைனா. எனக்குத் தெரியும்."

பள்ளிக்கூடத்திலிருந்து வந்ததும் அவன் சட்டையை எடுத்து முகர்ந்து பார்ப்பேன். ஒருநாள் பார்த்துவிட்டான். "மோந்து பாக்காத நைனா. கேளு, சொல்றேன்," என்றான். கேட்டேன். "இன்னிக்குக் குளத்துப் படிக்கட்டு வரைக்கும் போனேன். சும்மா நின்னுக்கினு இருந்துட்டு வந்துட்டேன். நாளைக்கு எப்படின்னு தெரியாது."

அன்றிரவு நான் தூங்கவில்லை. இந்தத் தெருவில் என்னிடம் கணக்குப் படிக்காத பிள்ளை குறைவு. ஆனாலும் ஒரு வீட்டுக்குப் போய், பாவுக்கு என் மகனைக் கூப்பிடுங்கள் என்று கேட்க எனக்கு வாய் வரவில்லை.

விடிவதற்கு முன் காலடி கேட்டது. பக்கத்து வீட்டுக் கதவு தட்டப்பட்டது. காலடி எங்கள் வாசலுக்கு வந்து நின்றது. பிறகு எங்கள் கதவு தட்டப்பட்டது.

திறந்தேன். எதிர் வீட்டுக்காரர், தலையில் துண்டு.

"பையன் எழுந்துட்டானா? ஒரு ஆள் கொறையுது."

நன்றி சொல்ல வேண்டிய இடத்தில், "அவனுக்கு மருந்தால இன்னும் கை நடுங்குது," என்றேன்.

எனக்குப் பின்னால் அவன் எழுந்து வேட்டியை இறுக்கிக் கட்டும் சத்தம் கேட்டது. எதிர் வீட்டுக்காரர் என்னைத் தாண்டி உள்ளே பார்த்தார்.

"நடுங்கட்டும் வாத்தியாரே. கயித்தை இடுப்புல சுத்திக்கினு நிக்கச் சொல்லு."