நாற்பது தொட்டியும் ஒரு குண்டூசியும்

ஆள் ஒல்லி என்பதால்தான் அவளைக் குண்டூசி அக்கா என்று கூப்பிடுகிறார்கள் என்று பண்ணைக்குப் புதிதாக வருகிறவர்கள் நினைத்துக்கொள்வார்கள். நேரில் பார்த்ததும் குழம்பிப்போவார்கள். அவள் உட்கார்ந்தால் ஸ்டூல் கண்ணுக்குத் தெரியாது. அந்தப் பெயர் வந்த கதை வேறு.

ஏழாம் வகுப்போடு அவள் படிப்பு நின்றது. பதினாறு வருஷம் ஒரு தையல் கம்பெனியில் சட்டைகளைச் சோதிக்கும் மேசையில் நின்றாள். ஒரு சட்டையைப் பார்த்து முடித்தால் உள்மடிப்பில் சாக்குக்கட்டியால் ஒரு புள்ளி வைக்க வேண்டும். புள்ளி இல்லாவிட்டால் அது பார்க்காத சட்டை. எண்ணிக்கை முடியும்வரை ஒரு துண்டுத் துணியைக்கூடக் கீழே போடக் கூடாது. கம்பெனியை மூடிய பிறகு, மிளகாய் ஆராய்ச்சிப் பண்ணையின் வலைக்குடிலில் அவளுக்கு வேலை கிடைத்தது.

வேலை, செடிகளுக்கு நோய் கொடுப்பது.

நோய் கண்ட இலையைப் பீங்கான் உரலில் அரைத்துச் சாறு எடுக்க வேண்டும். நல்ல செடியின் இலைமேல் நரநரவென்று இருக்கும் ஒரு தூளைத் தூவி, சாற்றில் நனைத்த விரலால் மெல்லத் தேய்க்க வேண்டும். பிறகு தண்ணீர் விட்டு அலச வேண்டும். பன்னிரண்டு நாளில், நோய் பிடித்த செடியின் புது இலைகள் வெளிர்பச்சையும் கரும்பச்சையுமாகத் திட்டுத்திட்டாக வரும். எந்தச் செடி தப்பித்து நிற்கிறதோ அதைத் தேடித்தான் இத்தனை பாடும்.

“வைரஸுக்குத் தானா இலைக்குள்ள நுழையத் தெரியாது. அந்தத் தூள் போடுற கீறல் வழியாத்தான் போகும். கதவைத் திறந்துவிடறது உங்க விரல்தான். அழுத்தினா இலை செத்துடும், தடவினா வைரஸ் போகாது” என்று முதல் நாளே சொல்லிக்கொடுத்தாள் வைரஸ் மேடம். அந்த வலைக்குடிலுக்குப் பொறுப்பான ஆராய்ச்சியாளர் அவள். இவளைவிடப் பத்து வயது இளையவள். கோபம் வந்தால் கத்த மாட்டாள், பேனா மூடியைத் திறந்து திறந்து மூடுவாள்.

வீட்டில் இந்த வேலையைப் பற்றிக் கேலிக்குக் குறைவில்லை. “ஊர்ல எல்லாரும் நோயைத் தீர்க்கப் போவாங்க. எங்க அண்ணி கொடுக்கப் போறாங்க. அதுக்கு டிபன் பாக்ஸ் வேற” என்பாள் நாத்தனார்.

“நீ சமைச்சதைத் தின்னுட்டுத்தானே போறேன். எங்கிட்ட நோய்க்கு என்ன பஞ்சம்?” என்று இவளும் விட மாட்டாள்.

வீட்டில் அப்படி ஒரு வாய். பண்ணையிலோ, ரப்பர் பூட்ஸ் மாட்டுவதற்காகச் செருப்பைக் கழற்றும் இடத்திலேயே வாயையும் கழற்றி வைத்துவிடுவாள். படித்தவர்கள் நடுவில் தப்பாக எதையாவது சொல்லிவிடுவோமோ என்ற பயம். கேட்டால் தலையாட்டுவாள். கேட்காவிட்டால் அதுவும் இல்லை.

சாக்குக்கட்டிப் பழக்கம் மட்டும் அவளை விடவில்லை. இலையில் சாக்குக்கட்டி நிற்காதே. கோட்டுக் காலரில் ஒரு குண்டூசி செருகி வைத்துக்கொண்டாள். ஓர் இலையைத் தேய்த்து முடித்ததும் அதன் ஓரத்தில் ஒரு துளை போடுவாள். யாரும் சொல்லிக்கொடுத்ததில்லை. அவளும் யாரிடமும் சொன்னதில்லை.

அப்போதுதான் அந்த நாற்பது விதைகள் வந்தன. எங்கோ வேலியோரம் தானாக முளைத்து நின்ற காட்டு மிளகாய்ச் செடிகளிலிருந்து பொறுக்கியவை. அந்த வேலியைப் பிறகு சாலைக்காக வழித்துவிட்டார்கள். இருந்தது அந்த நாற்பதுதான். நாற்பதும் முளைத்தன. தொட்டிக்கு ஒன்று, செடிக்கு ஓர் இலை என்று தேய்த்தாள்.

நாலாம் நாள் காலையில், சில செடிகளில் தேய்த்த இலையில் மட்டும் பழுப்புப் புள்ளிகளைப் பார்த்தாள். எண்ணெய் தெறித்த மாதிரி சின்னச் சின்னதாக இருந்தன. ஏழு செடிகள். ஒன்பதாம் நாள் அந்த ஏழு இலைகளும் காம்போடு உதிர்ந்து கிடந்தன. தரையில் விழுந்திருந்தால் கூட்டி, நோய்க்கழிவை வேகவைக்கும் டிரம்முக்கு அனுப்பியிருக்க வேண்டும். இவை மேசைமேல் அந்தந்தத் தொட்டி அடியிலேயே கிடந்தன. எண்ணிக்கை முடியவில்லையே என்று ஒவ்வொன்றையும் எடுத்து அதனதன் தொட்டி மண்மேல் வைத்தாள்.

பதினாலாம் நாள் மேடம் அட்டையும் பேனாவுமாக வந்தாள். முப்பத்திரண்டு செடிகள் திட்டுத்திட்டாக நின்றன. எட்டு செடிகள் பச்சைப் பசேல் என்று இருந்தன.

பேனா மூடி திறந்தது, மூடியது.

“அக்கா, இந்த எட்டையும் தேய்க்க விட்டுட்டீங்களா?”

அவள் கை காலரில் இருந்த குண்டூசிக்குப் போனது.

“நூத்துல ஒண்ணு தப்பிச்சாலே அபூர்வம். நாப்பதுல எட்டுன்னா தேய்ப்பே சரியில்லைன்னு அர்த்தம். இந்த டெஸ்ட்டை நம்ப முடியாது. சாயங்காலம் மொத்தத்தையும் வேகவெச்சிடுங்க. நாளைலேர்ந்து நீங்க தொட்டி கழுவற பக்கம் இருங்க. ஒண்ணும் தப்பா எடுத்துக்காதீங்க.”

மேடம் திரும்பி நடந்தாள். தொட்டி கழுவப் போவதுகூட அக்காவுக்குப் பெரிதில்லை. ஆனால் இவை வெந்து போனால் இன்னொரு விதை கிடையாது. மேடம் முதல் கதவைத் தாண்டி இரண்டாவது கதவில் கை வைத்துவிட்டாள்.

“மேடம், எட்டு இல்ல” என்றாள். குரல் அவளுக்கே அந்நியமாக இருந்தது. “ஒண்ணுதான்.”

“என்ன ஒண்ணு?” என்று மேடம் திரும்பி வந்தாள்.

“விட்டது ஒண்ணு. இதோ, இந்த மூலைத் தொட்டி. அன்னிக்கு இது வரைக்கும் வந்தப்ப எரு மூட்டை இறக்கணும்னு கதவைப் பிடிக்கக் கூப்பிட்டாங்க. போயிட்டு வந்து அடுத்ததுலேர்ந்து ஆரம்பிச்சுட்டேன் போல. என் தப்புதான். ஆனா மத்த ஏழையும் நான் விடல.”

“அது எப்படித் தெரியும்?”

காலரிலிருந்து குண்டூசியை எடுத்துக் காட்டினாள். நோயுற்ற செடி ஒன்றின் பழைய இலையைத் திருப்பி, ஓரத்தில் இருந்த துளையைக் காட்டினாள். அடுத்த செடியிலும் காட்டினாள். பிறகு ஏழு தொட்டிகளிலும் மண்மேல் கிடந்த காய்ந்த இலைகளை ஒவ்வொன்றாக எடுத்து வெளிச்சத்தில் பிடித்தாள். ஒவ்வொன்றிலும் பழுப்புப் புள்ளிகள், ஓரத்தில் ஒரு துளை. மூலைத் தொட்டிச் செடியில் மட்டும் எல்லா இலையும் முழுசாக இருந்தது. எதிலும் துளை இல்லை.

மேடம் ஓர் இலையை வாங்கிக் கண்ணுக்கு அருகே வைத்துப் பார்த்தாள். நெடுநேரம் பார்த்தாள். பேனாவைக் கீழே வைத்துவிட்டாள்.

“இந்தப் புள்ளி எப்ப வந்துச்சு?”

“நாலாம் நாள். ஒன்பதாம் நாள் உதிர்ந்துடுச்சு.”

“ஏன் அப்பவே சொல்லல?”

“நீங்க கேக்கல மேடம்.”

மேடத்துக்குச் சிரிப்பு வந்துவிட்டது. “ஒண்ணை விட்டேன்னு நீங்களா சொல்லலேன்னா மத்த ஏழை நம்பியிருக்க மாட்டேன்” என்றாள். பிறகு விளக்கினாள். வைரஸ் உயிருள்ள இடத்தில்தான் பெருகும். சில செடிகளுக்கு அது நுழைந்ததுமே தெரிந்துவிடும். நுழைந்த இடத்தைச் சுற்றித் தன் சதையைத் தானே கருக்கிக்கொள்ளும். வைரஸ் அங்கேயே முடங்கிப்போகும். போதாததற்கு அந்த இலையையே உதிர்த்துவிடும். “ஆனா ஒரு தடவை பார்த்தது போதாது. எட்டையும் மறுபடி தேய்க்கணும். இந்தத் தடவை நான் தேய்க்கிறேன். துளை நீங்க போடுங்க.”

அப்படியே செய்தார்கள். அன்று மாலை வீட்டில் நாத்தனார் இரண்டு முறை சீண்டியும் பதில் வரவில்லை. புருஷன் சாப்பாட்டுத் தட்டிலிருந்து நிமிர்ந்து, “என்ன, உடம்பு சரியில்லையா? வாயே திறக்கலயே” என்றான்.

“அங்கேயே எல்லாத்தையும் பேசித் தீர்த்துட்டு வந்துட்டேன்” என்றாள்.

“நீயா? அங்கயா?” என்று அவன் நாத்தனாரைப் பார்த்தான். நாத்தனார் சட்டென்று அவள் நெற்றியில் கை வைத்துப் பார்த்தாள்.

அடுத்த நாலு நாளும் அவளுக்கு ஒரே நினைப்புதான். ஒருவேளை பழைய புள்ளிகள் வேறு ஏதாவது பூஞ்சையாக இருந்தால்? நாலாம் நாள் வழக்கத்தைவிட முன்னதாகவே போனாள். மேடம் அவளுக்கு முன்பே வந்து, கோட்டுகூடப் போடாமல் கதவுக்கு வெளியே நின்றுகொண்டிருந்தாள்.

“உள்ள போகலையா மேடம்?”

“நீங்க வரட்டும்னு நின்னேன்.”

இருவரும், கையோடு வைரஸ் போகாமலிருக்கப் பால்பவுடர் கரைத்த தண்ணீரில் கை கழுவிக்கொண்டு போனார்கள். முதல் தொட்டி. துளை போட்ட இலையில், எண்ணெய் தெறித்த மாதிரி பழுப்புப் புள்ளிகள். இரண்டாவதிலும் இருந்தன. ஏழிலும் இருந்தன. மூலைத் தொட்டியில் ஒன்றும் இல்லை. அதன் புது இலைகள் பின்னால் திட்டுத்திட்டாகத்தான் வந்தன. பாவம், அதற்காகவும் அவள் கொஞ்சம் வருத்தப்பட்டாள்.

ஏழும் தனி மேசைக்குப் போயின. இப்போது பூத்துக் காய்த்து நிற்கின்றன. காய் சுண்டுவிரல் நகத்தளவுதான். இதிலிருந்து தோட்டக்காரர்கள் நடும் பெரிய மிளகாய்க்கு அந்தக் குணத்தைக் கொண்டுபோக இன்னும் ஏழெட்டு வருஷம் ஆகலாம் என்கிறாள் மேடம். அதுவரை தேய்க்க வேண்டிய இலைகள் ஆயிரக்கணக்கில் இருக்கின்றன.

வலைக்குடிலில் எல்லோருடைய கோட்டுக் காலரிலும் இப்போது ஒரு குண்டூசி இருக்கிறது. பதிவுத் தாளில் மேடம் ஒரு புதுக் கட்டம் போட்டு, அதற்குத் ‘துளை’ என்று தலைப்பு வைத்திருக்கிறாள். அதற்குப் பக்கத்தில் இன்னொரு கட்டம் வேண்டும் என்று அக்காதான் கேட்டு வாங்கினாள். அதன் தலைப்பு, ‘விட்டுப்போனது’.