நான்கு விநாடி அழுகை

உடுவிலில் ஒலிபெருக்கி கட்டப் பலர் இருந்தார்கள். ஒலியைச் சுத்தம் செய்து தர சிவகௌரி ஒருத்திதான். மின்னணுவியல் படித்தவள். வீட்டு முன்னறையில் ஒரு கணினியும் இரண்டு ஸ்பீக்கரும் வைத்துக்கொண்டு, கலியாண வீடியோக்களிலிருந்து ஜெனரேட்டர் உறுமலையும் காற்றிரைச்சலையும் பிரித்தெடுத்து எறிவாள். வாய் குறைவு. யாராவது ஊர்க்கதை தொடங்கினால் ஹெட்போனை மாட்டிவிடுவாள். தகப்பன் சிறுவயதிலேயே போய்விட்டார். முப்பத்துநாலு வருடம் தாய் பாலேஸ்வரியோடு இருந்தாள். மாசியில் தாயும் போனாள்.

முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிச் சடங்கு முடிந்து மூன்றாம் கிழமை, பெரியம்மா நல்லம்மாவின் மகன் ஜெயசுதன் தன் குறும்படத்தோடு வந்தான். சனிக்கிழமை யாழ்ப்பாணத்தில் திரையிடுகிறார்களாம். பேய்ப்படம்.

"இப்பத்தைப் பேய்ப்படம் எண்டா பேயைப் பற்றினதில்லைப் பிள்ளை. குடும்பத்திலை செத்த ஆளைப் பற்றினது. துக்கம்தான் பேய்."

"சவுண்டைத் தாங்கோ அண்ணை."

படத்தின் பதினோராவது நிமிடத்தில் செத்த தாய் கட்டிலருகே குனிந்து அலறினாள். நான்கு விநாடி. ஒரு குரலைத் தடிப்பாக்கி இழுத்திருந்தார்கள், அதுவும் அரைகுறையாக.

"ஆர் கத்தினது?"

"இன்ரநெற்றிலை எடுத்தனான்."

சிவகௌரி வேகத்தையும் சுருதியையும் பழைய நிலைக்கு ஏற்றினாள். பேய் கலைந்து ஒரு பெண் வந்தாள்.

"எணை! எணை அம்மா!"

அதற்கடியில் ஓர் ஆண்குரல்: "பெட்டியை மூடுங்கோ, நேரமாகுது."

கூப்பிட்டது சிவகௌரியின் குரல்தான். கனடாவிலும் மற்ற நாடுகளிலும் இருக்கும் சொந்தங்களுக்காகத் தாயின் செத்தவீட்டை நேரலையில் விட்டிருந்தார்கள். கமெராக்காரனுக்குப் பக்கத்தில் நின்றவன் ஜெயசுதன்.

"எரியிற வீட்டிலை பிடுங்கினது லாபம், என்ன அண்ணை?"

"அப்பிடிச் சொல்லாதை. நாலு நாடு பாத்தது, ஒளிச்சு வைச்ச சாமானே? நடிக்க வந்த பெட்டை பதினைஞ்சு தரம் கத்தினவள், பூனை மாதிரி. உன்ரை அழுகையிலைதான் உண்மை இருந்தது. சித்திக்கு ஒரு மரியாதை எண்டு நினை."

"சனம் பாக்க விட்டது செத்தவீடு. சனம் பயப்படுறதுக்கு இல்லை. எடுங்கோ அதை."

"ஏலாது. நீ அழிச்சாலும் என்னட்டை வேறை கொப்பி கிடக்கு."

அது உண்மை. கணினியில் அழித்துப் பயனில்லை. சனிக்கிழமை இருட்டு மண்டபத்தில் முந்நூறு பேர் அவள் தாயைக் கூப்பிட்டதைக் கேட்டுத் துள்ளி விழுவார்கள், பிறகு சிரிப்பார்கள். அவள் எழுந்து மைக்கை இழுத்து அவன் வாய்க்கு நேரே வைத்தாள்.

"சரி. உண்மையான அழுகைதானே வேணும்? நீங்கள் அழுங்கோ."

"ஆம்பிளைக் குரலோ?"

"அதை நான் மாத்துவன். உங்கடை அம்மாவைப் பெட்டியிலை வைச்சு மூடுகினம் எண்டு நினைச்சு, எணை எண்டு ஒருக்கால் கூப்பிடுங்கோ."

சிவப்பு விளக்கு எரிந்தது. ஜெயசுதன் சிரித்தான். தொண்டையைச் செருமினான். "எ..." என்றான். திரையில் சிறிய கோடு எழும்பி விழுந்தது. மைக்கைத் தட்டிவிட்டு எழுந்தான்.

"விசரே உனக்கு? அம்மா வீட்டிலை உயிரோடை இருந்து எனக்குச் சோறு காய்ச்சுது. வாயாலை அப்பிடிக் கூப்பிடுறதோ?"

"படம்தானே அண்ணை?"

அவன் முகம் கறுத்து நின்றான். பிறகு, "வெட்டு" என்றான்.

வெட்டினாள். "போனிலை கிடக்கிறது?" அதையும் அவள் பார்த்திருக்க அழித்தான்.

"செத்தவீட்டிலை ஓடியோடி வேலை செய்தவனுக்கு நல்ல கைமாறு. இனி இந்த வாசல் படலையைத் தாண்ட மாட்டன்."

"சாத்திப்போட்டுப் போங்கோ. மாடு வரும்."

சனிக்கிழமை பேய் வாயைத் திறந்தது, சத்தம் வரவில்லை. போனவர்கள் சொன்னதுதான். சிவகௌரி போகவில்லை. மறுநாள் நல்லம்மா போன் எடுத்தாள்.

"என்னடி, உன்ரை பேரைச் சொன்னாலே அவன் எழும்பிப் போறான். என்ன நடந்தது?"

"ஒண்டுமில்லைப் பெரியம்மா. வேலையிலை ஒரு பிழை."

"ஆரின்ரை பிழை?"

"அண்ணையைக் கேளுங்கோ" என்று வைத்தாள்.