ஜப்பான் நடிகையும் என் பொன்னாடையும்

இரண்டாயிரங்களின் நடுவில் கனடாவின் மொன்றியல் நகரத்துத் தியேட்டர் ஒன்றில் எனக்குக் கூட்டித் துடைக்கிற வேலை. ஒவ்வொரு காட்சி முடிந்ததும் சனம் சிந்திவிட்டுப் போன சோளப்பொரியைக் கூட்டி அள்ளுவேன். யாழ்ப்பாணத்து மேடைகளில் நடித்துப் பாடியவள் நான் என்று அங்கே எவருக்கும் தெரியாது. தெரிந்திருந்தாலும் சோளப்பொரி தானாக எழுந்து குப்பைத்தொட்டிக்குள் போயிருக்காது. கலியாணத்தோடு பாட்டை விட்டிருந்தேன். மனுசனுக்குப் பிடிக்காது, அவ்வளவுதான் காரணம்.

ஒரு கோடையில் அந்தத் தியேட்டரில் திரைப்பட விழா நடந்தது. ஜப்பானிலிருந்து ஒரு பழைய நடிகை வந்திருந்தார். எழுபதைத் தாண்டிய வயது. அறிமுகம் செய்தவர் பிரெஞ்சில் பொழிந்து தள்ளியதில் எனக்கு விளங்கியது கொஞ்சம்தான். சிறுமியாக இருந்தபோதே பாடகி, பிறகு சினிமாக் கதாநாயகி, கலியாணத்தோடு எல்லாவற்றையும் நிறுத்தியவர். அதுவரை என் கதையேதான். பிள்ளைகள் வளர்ந்த பிறகு திரும்பி வந்து அம்மா வேடங்களில் நடித்தாராம், மறுபடியும் பாடினாராம். அந்த இடத்தில் எனக்கு எரிச்சல் வந்தது.

படம் முடிந்ததும் யாரோ ஒரு பாட்டுக் கேட்டார்கள். வாத்தியம் எதுவும் இல்லாமல் பாடினார். மேலே ஏறும் இடத்தில் குரல் உடைந்தது. சிரித்துவிட்டு அதே வரியை இன்னொரு தடவை பாடினார். சனம் எழுந்து நின்று கைதட்டியது. கதவோரம் கூட்டுகிற தும்புத்தடியோடு நின்ற எனக்குக் கண் கலங்கியது. பொறாமையில்தான்.

அடுத்த கிழமையே எங்கள் ஊர்த் தமிழ்ச் சங்கத்தின் கலைவிழாச் செயலாளருக்குப் போன் எடுத்தேன்.

"ஒரு பாட்டுப் பாடவேணும் தம்பி."

"ஓம் அக்கா, கட்டாயம்."

வீட்டில் மனுசனிடமும் சொன்னேன். "உன்ரை விருப்பம்" என்றார். நம்பிவிட்டேன். காட்சிகளுக்கு இடையில் வெறும் தியேட்டருக்குள் பாடிப் பாடிப் பழகினேன். வேலைக்குப் போக ஆசையாக இருந்த நாட்கள் அவை மட்டும்தான்.

விழா அன்று எங்கள் சனம் கூடுகிற பார்க் எக்ஸ்டென்ஷன் பகுதி மண்டபம் நிறைந்திருந்தது. என்னை மேடைக்கு அழைத்தார்கள். செயலாளர் என் குரலைத் தேன் என்றார், குயில் என்றார். நான் கடைசியாகப் பாடியபோது அவர் அரைக் காற்சட்டையோடு திரிந்திருப்பார். பிறகு பொன்னாடை போர்த்தினார்கள். ஒருவரின் வாயை அடைக்க எங்கள் ஆட்களுக்கு இதைவிட நல்ல சாமான் கிடையாது. நான் மைக்குக்குக் கை நீட்டினேன். செயலாளர் அதை அப்பால் பிடித்துக்கொண்டு காதோடு சொன்னார்:

"அக்கா, உங்களுக்குத் தொண்டை சரியில்லை, மரியாதை மட்டும் செய்து விடுங்கோ எண்டு அண்ணை போன் எடுத்தவர்."

அண்ணை என்றது என் புருசனை. முன்வரிசையில் இருந்து எல்லாரையும்விடப் பலமாகக் கைதட்டிக்கொண்டிருந்தார். அடுத்த நடனத்துக்குச் சின்னப் பிள்ளைகள் சலங்கையோடு காத்து நின்றார்கள். பல்லைக் கடித்துக்கொண்டு கும்பிட்டுவிட்டு இறங்கினேன்.

காரில் ஏறியதும் கேட்டேன், "என்ரை தொண்டைக்கு என்ன?"

"இந்த வயசிலை பாடி, சனம் சிரிக்கிறதே? நல்ல மரியாதையாத்தானே செய்தவை."

வாயில் வந்ததெல்லாம் கெட்ட வார்த்தை. பின்சீட்டில் மகள் இருந்ததால் விழுங்கினேன். இங்கே பிறந்து பிரெஞ்சில் வளர்ந்தவள். முன்னால் எட்டி, தட்டித் தடவித் தமிழில் கேட்டாள்:

"அம்மா, நீங்கள் பாடுவீங்களா?"

நான் வாய் திறக்குமுன் அவர் சொன்னார்:

"முந்தி."