எட்டு நாள் என்றால் ஏழு

"திரு. அம்மாவாசை, காலக்காவலர், இரண்டாம் நிலை. பதற்றமற்றவர். பணி நேரத்தில் இருக்கையை விட்டு எழாதவர். ஆணையை நீட்டவோ குறைக்கவோ மனத்தாலும் நினையாதவர்."

இலாகாவின் பணிப்பதிவேடு இப்படிச் சொல்கிறது. எழுதியவர் அம்மாவாசையைப் பார்த்ததில்லை என்பது தெளிவு. முதலியார்பேட்டை டீக்கடையில் ஒரு டீ குடித்து முடிப்பதற்குள் நாலு தடவை தெருவை எட்டிப் பார்க்கிற மனிதர் அவர். செருப்பு ஆறு மாதம் தாங்காது.

மனிதகுலம் காலத்தைக் கட்டிப்போடக் கற்று முப்பது வருஷமாகிறது. பெரிய நாகரிகங்கள் அந்த வித்தையை வைத்துத் தங்கள் வீழ்ச்சியைத் தள்ளிப்போட்டுக்கொண்டிருக்கின்றன. புதுச்சேரிக்கு வந்து சேர்ந்தது ஓர் இலாகாவும் பதினாறு பெட்டிகளும். சாகக் கிடப்பவரின் அறை வாசலில் ஒரு பெட்டியை வைத்தால் அறை கட்டுண்டுவிடும். உள்ளே ஒரு நொடியும் நகராது. வெளியே உலகம் தன்பாட்டுக்கு ஓடும். வெளிநாட்டுப் பிள்ளைகள் வந்து முகம் பார்க்கட்டும் என்று ஒரு குடும்பத்துக்கு ஒரே ஒரு தடவை, எட்டு நாள். பெட்டிக்குப் பக்கத்தில் நாற்காலி போட்டு ஒரு காலக்காவலர் உட்கார்ந்திருக்க வேண்டும்.

உழவர்கரையில் கிளோத் வீட்டுக்கு அம்மாவாசையை அனுப்பினார்கள். கிளோத் பிரெஞ்சுப் பட்டாளத்து பென்ஷன்காரர். டாக்டர் ஒரு மணி நேரம் கெடு சொன்ன வியாழக்கிழமை, மாலை நாலு மணிக்கு, பாதி இருமலில் அவர் நிறுத்தப்பட்டார். நாற்காலி காலியாகவே கிடந்தது. அம்மாவாசை கூடத்துக்கும் கொல்லைக்கும் நடந்துகொண்டிருந்தார்.

அடுத்த புதன்கிழமை, கிளோத்தின் மனைவி அஞ்செல் காபி கொண்டுவந்தாள்.

"எங்க பொண்ணு ஏஸ்தெல் வெள்ளிக்கிழம காலைல வந்துடுவா தம்பி."

"வெள்ளியா? நாளைக்கு நாலு மணியோட முடியுது மதாம்!"

"எட்டு நாள்னு நீதான சொன்ன?"

"எட்டு நாள்னா வியாழனுக்கு வியாழன். இது தெரியாதா?"

"எனக்குத் தெரியும். அவகிட்ட போன்ல எட்டு நாள்னேன். புரியாம போயிடப்போவுதேன்னு பிரெஞ்சுல உய்த் ழூர்னும் சொன்னேன். அவ பிரான்சுல, லியோன்ல கணக்கு டீச்சரு. எண்ணிப்புட்டா."

தமிழிலும் எட்டு நாள் என்றால் ஏழு. பிரெஞ்சிலும் எட்டு நாள் என்றால் ஏழு. இரண்டும் படித்தவள் எட்டு என்று எடுத்துக்கொண்டாள்.

"டிக்கெட்ட மாத்தச் சொல்லுங்க!"

"கேட்டாச்சு. எந்த பிளேன்லயும் எடமில்ல." அஞ்செல் அழவில்லை. "அப்பனும் பொண்ணும் பேசி ஒம்பது வருஷம் ஆவுது தம்பி. இப்பதான் வரேன்னா."

அம்மாவாசை கொல்லைக்குப் போய் அதிகாரி தணிகாசலத்துக்கு போன் போட்டார்.

"சார், ஒரு நாள் சேத்துக் குடுங்க."

"சட்டத்துல எட்டு நாள்தான்யா."

"எட்டு நாளு எட்டாவே இருந்தா போதும் சார்."

"கிண்டலா? எவன வேணா கேளு, எட்டு நாள்னா ஏழுதான். நாளைக்கு நாலு மணிக்கு ஆபீஸ்லேர்ந்து உத்தரவு வரும், பெட்டி தானா அவுந்துடும். மொதல்ல ஒரு எடத்துல நில்லு, நீ நடக்கறது இங்க கேக்குது."

நிற்கவில்லை. அன்றும் மறுநாளும் அந்த வீட்டை எத்தனை சுற்றுச் சுற்றினார் என்று அவருக்கே தெரியாது. பெட்டியின் பக்கவாட்டில் ஒரு கைப்பிடி உண்டு. கரண்ட் போனால் ஆபீஸ் உத்தரவு எதுவும் பெட்டிக்கு எட்டாது. பத்து நிமிஷத்துக்கு ஒரு தடவை கைப்பிடியைச் சுற்றி அறையின் கட்டு அவிழாமல் காப்பாற்ற வேண்டும். ஒரு சுற்று தவறினாலும் அவிழ்ந்துவிடும்.

வியாழன் மூன்றே முக்காலுக்கு அவர் தெருவாசல் பக்கம் போனார். கூடத்து ஃபேன் நின்றது. நாலு மணி ஐந்துக்குத் தணிகாசலத்தின் போன் வந்தது.

"இன்னாய்யா, அவுந்துச்சா?"

"கரண்ட் இல்ல சார்."

"எப்ப வரும்?"

"அது யாருக்கு சார் தெரியும்?"

வெள்ளிக்கிழமை பத்தேகாலுக்கு ஏஸ்தெல் சூட்கேஸும் கையுமாக உள்ளே ஓடி வந்தாள். அம்மாவாசை அடுத்த சுற்றைச் சுற்றாமல் விட்டார். அறை அவிழ்ந்தது. கிளோத் மீதி இருமலை இருமி முடித்து, கண்ணைத் திறந்து பார்த்தார்.

"இப்பதான உங்கம்மா போன் போட்டா? அதுக்குள்ள வந்துட்டியா?"

"வந்துட்டேம்ப்பா."

"பரவால்ல, சொன்னா ஒடனே வர்ற பொண்ணுதான் நீ."

நாற்பது நிமிஷம் பேசிக்கொண்டிருந்தார்கள். அதில் பாதி சண்டை.

"எதிர்பாராத மின்தடை" என்று இலாகா எழுதி முடித்துவிட்டது. அன்று உழவர்கரையில் மின்தடை எதுவும் இல்லை. அம்மாவாசை அந்த வீட்டு ஃபியூஸ் கட்டையைப் பிடுங்கிச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு, பதினெட்டு மணி நேரத்துக்கு மேல் கைப்பிடியைச் சுற்றினார்.